தீ மூட்டியவர் பெயர்: முனவ்வறா

முனவ்வறா அந்தப் புகையைக் கண்டது ஒரு செவ்வாய்க்கிழமை, நண்பகல் லுஹர் தொழுதுவிட்டுப் பாயைச் சுருட்டும்போது. இலுக்குமேட்டுக்கு மேற்கே, இரண்டு மைலுக்கு அப்பால், நிலத்திலிருந்து மெல்லிய நூலாக எழும்பி, கொஞ்சத் தூரம் நேராகப் போய், பிறகு மேற்கிலிருந்து வீசும் கச்சான் காற்றில் கிழக்கே சாய்ந்தது. அவளுடைய தோட்டம் கிழக்கேதான் இருந்தது.

நாலு மாதமாக மழை இல்லை. நெஞ்சளவு வளர்ந்திருந்த இலுக்கம்புல் காய்ந்து, கையால் தொட்டாலே நொறுங்கியது. தீ எப்படி வந்திருக்கும் என்று அங்கே யாரும் யோசிப்பதில்லை. மாட்டுப் பட்டிக்காரர்கள் கிழட்டுப் புல்லுக்கு நெருப்பு வைப்பார்கள். மழை பெய்ததும் மாடுகளுக்குத் தளிர்ப் புல் கிடைக்கும். ஒரு தீக்குச்சியைக் கிழித்துப் போட்டுவிட்டு அவர்கள் போய்விடுவார்கள். யார் வைத்தது என்று கேட்டால் ஒவ்வொருவரும் அடுத்தவருடைய மாட்டைக் காட்டுவார்கள். வைத்த தீ காலையில் படுத்துக் கிடக்கும். காய்ந்த சாணிக்குள்ளும் பட்ட மரக் குற்றிக்குள்ளும் உறங்கும். லுஹருக்குப் பிறகு கச்சான் வந்து அதைத் தட்டி எழுப்பும்.

இலுக்குமேட்டில் மொத்தம் முப்பது வீடுகள். சாய்ந்தமருதிலிருந்தும் காரைதீவிலிருந்தும் காணி உத்தரவுப்பத்திரம் பெற்று வந்து குடியேறியவர்கள். அநேகமாக எல்லாம் தென்னங் கிடுகுக் கூரை. ஊரின் மேற்கு ஓரத்தில், இலுக்கங்காட்டை ஒட்டி, முனவ்வறாவின் மூன்று ஏக்கர் மரமுந்திரிகைத் தோட்டம். அவளும் கணவனும் சேர்ந்து நட்டது. கணவன் மௌத்தாகி ஆறு வருடம். சாய்ந்தமருதில் இருந்த வீட்டை ஊர் வழக்கப்படி மகள் றிப்னாவுக்குச் சீதனமாக எழுதிக் கொடுத்துவிட்டு, தோட்டத்துக்குள் மண்சுவர் வைத்து ஒரு குடிசை கட்டிக்கொண்டு வந்துவிட்டாள். ஐம்பத்துநாலு வயதில் அவளுக்கென்று இருந்தது அந்தத் தோட்டம் ஒன்றுதான்.

கல்முனையில் 'வரட்சிகாலத் தீத்தடுப்பு ஒருங்கிணைப்புப் பணியகம்' என்று ஒரு கந்தோர் திறந்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. திறந்த வாரமே ஆட்கள் வந்து எல்லா வீட்டுக் கதவிலும் ஒரு சிவப்பு ஒட்டுத்தாள் ஒட்டிவிட்டுப் போயிருந்தார்கள். 'தீயைக் கண்டால் தயங்காதீர், அழைப்பீர்.' கீழே தொலைபேசி இலக்கம். முனவ்வறா தயங்காமல் அழைத்தாள்.

"தீத்தடுப்புப் பணியகம். தீயின்ட பதிவிலக்கத்தச் சொல்லுங்க."

"பதிவிலக்கமா? தம்பி, இப்பதான் பத்தத் தொடங்கியிரிக்கி. இலுக்குமேட்டிலரிந்து கதைக்கன்."

"பதிவிலக்கம் இல்லாத தீய நாங்க அணைக்க ஏலா உம்மா. நேருல வந்து பதியணும். அடையாள அட்டைப் பிரதியும், கிராம உத்தியோகத்தர்ட வதிவிடச் சான்றிதழும் கொண்டுவாங்க."

"தீக்கு வதிவிடச் சான்றிதழா?"

"ஒங்களுக்கு உம்மா. தீக்குத் தேவல்ல."

தீக்கு அந்தச் சலுகை இருப்பது முனவ்வறாவுக்கு அன்றுதான் தெரிந்தது.

மறுநாள் விடிந்ததும் பக்கத்துக் காணிக்காரன் கிருஷாந்தன் தன் மோட்டார் சைக்கிளில் அவளைக் காரைதீவுச் சந்தி வரைக்கும் கொண்டுவந்து விட்டான். காரைதீவுப் பொடியன், ஒரு உழவு இயந்திரம் வைத்து ஊருக்கெல்லாம் உழுது கொடுப்பவன். அவன் மனைவி சுலக்சனா அப்போது பிள்ளை பெற்று ஒரு மாதம்கூட ஆகவில்லை.

"ராத்தா, நீங்க போய்த் தண்ணிப் பவுசரோட வாங்க. நான் தீயப் பாத்துக்கொண்டு நிக்கன். ஏதும் எண்டா கோல் எடுக்கன்," என்றான்.

கிராம உத்தியோகத்தரைத் தேடிப் பிடித்துச் சான்றிதழ் எடுத்து, பஸ் ஏறி, அவள் கந்தோருக்குள் நுழையும்போது பத்தரை மணி. வாசலில் ஒரு பெரிய பந்தல். பந்தலுக்குக் கீழே, கண்ணைப் பறிக்கும் சிவப்பில், புத்தம்புதிய தண்ணீர்ப் பவுசர் ஒன்று. அதன் மூக்கிலிருந்து வால் வரைக்கும் மஞ்சள் நாடா சுற்றியிருந்தது. வெயிலில் நடந்து வந்த களைப்பில் முனவ்வறா அதன் நிழலில் ஒதுங்கினாள்.

காவலாளி ஓடிவந்தான். "உம்மா, அங்கால போங்க. இன்னும் திறந்து வைக்கல்ல."

"நான் தொடல்ல மகன். நிழலுக்கு நிண்டன்."

"நிழலும் அதோட சேந்ததுதான். பிரதம அதிதி வந்து நாடா வெட்டின பொறகுதான் பாவிக்கலாம். மூணு மாசமாத் திகதி தள்ளித் தள்ளிப் போகுது."

உள்ளே முன்மேசையில் ஷிப்லி என்ற இளம் உத்தியோகத்தர் இருந்தார். மெலிந்த உடம்பு, அழகான கையெழுத்து. ஒரு படிவத்தை எடுத்து வைத்து, ஒவ்வொரு கேள்வியையும் பரீட்சைக்கு எழுதும் மாணவனைப்போலக் கவனமாகக் கேட்டார். தீயின் நீளம். அகலம். நிறம். தீ தொடங்கும்போது விண்ணப்பதாரி எங்கே இருந்தார். அவள் தெரிந்ததையெல்லாம் சொன்னாள். கடைசியில் அவர் பேனையைக் கீழே வைத்தார். முகத்தில் உண்மையான கவலை.

"உம்மா, இது காட்டுத்தீ இல்ல போலிரிக்கி."

"பின்ன என்ன?"

"எங்கட சுற்றறிக்கைப்படி ஏக்கருக்கு எண்பது மரம் இருந்தாத்தான் காடு. அங்க எரியிற புல்லு. புல்லு எண்டா கால்நடைத் தீவனம். அது வேற கந்தோர்."

"அது இண்டைக்கோ நாளைக்கோ என்ட தோட்டத்துக்கு வந்திரும் தம்பி. அங்க மரம் இரிக்கி."

"ஏக்கருக்கு எத்தன?"

"எழுபது."

ஷிப்லி தாளில் கணக்குப் போட்டார். "பத்து மரம் குறையுது. அது காடும் இல்ல, புல்லும் இல்ல." சுற்றறிக்கையை முன்னும் பின்னும் புரட்டிவிட்டு, "அதுக்குப் பேர் வெற்றிடம்," என்றார். சொல்லும்போது அவருக்கே கூச்சமாக இருந்திருக்க வேண்டும். தலையைக் குனிந்துகொண்டே சொன்னார்.

கணவன் கிணற்றிலிருந்து வாளி வாளியாகத் தண்ணீர் சுமந்து வளர்த்த இருநூற்றுப் பத்து மரங்களுக்கும் அப்படி ஒரு பெயர் இருப்பதை முனவ்வறா கொஞ்ச நேரம் மனதுக்குள் சொல்லிப் பார்த்தாள். பிறகு பெரியவரைப் பார்க்க வேண்டும் என்றாள்.

உதவிப் பணிப்பாளர் ஜவுபரின் அறையில் மார்கழி மாதத்துக் குளிர். மேசைக்குப் பின்னால் இரண்டு கேடயங்கள். அவர் நல்ல மனிதர். அவளை இருக்கச் சொல்லி, பிளேன்ரீ கொண்டுவரச் சொல்லி, பொறுமையாகக் கேட்டார்.

"உம்மா, போன வருஷம் நம்மட பிரிவுல எத்தன காட்டுத்தீ தெரியுமா? பூச்சியம். அதுக்கு முந்தின வருஷம்? அதுவும் பூச்சியம். பக்கத்துப் பிரிவெல்லாம் பதினாலு, பத்தொன்பது எண்டு போட்டிரிக்கானுகள். நாங்கதான் முதலிடம்." கேடயங்களைக் காட்டினார். "இது சும்மா வந்ததில்ல. பதியிற விசயத்தில நாங்க அவ்வளவு கவனம்."

"சேர், அங்க முப்பது வீடு இரிக்கி. கிடுகு வீடு. கச்சான் அடிச்சா ஒரு மணித்தியாலத்தில வந்திரும். அந்தப் பவுசர ஒருக்கா அனுப்பினா..."

"பவுசரா?" ஜவுபர் சிரித்தார். "அதுக்குள்ள தண்ணி ஊத்தினா அது பாவிச்ச பவுசராப் போகும். பாவிச்ச ஒண்டத் திறந்து வைக்கச் சொல்லி ஒரு பெரிய மனிசனக் கூப்பிட ஏலுமா? நீங்களே சொல்லுங்க." பிறகு இரக்கத்தோடு சேர்த்தார். "ஆனா ஒங்களச் சும்மா அனுப்பமாட்டன். ரெண்டு மணிக்கு அவசரக் கூட்டம் போடுறன். நீங்களும் இருக்கணும். பாதிக்கப்படப் போறவங்கட பிரதிநிதி."

ரெண்டு மணி என்றால் கச்சான் எழும்புகிற நேரம். முனவ்வறா சுவர் மணிக்கூட்டைப் பார்த்தபடி, பவுசரின் நிழல் எட்டாத ஒரு மர வாங்கில் இருந்தாள். வீட்டுக்குப் போகவும் மனமில்லை. வெறுங்கையோடு போனால் கிருஷாந்தனின் முகத்தை எப்படிப் பார்ப்பது?

கூட்டத்துக்குப் பதினாலு பேர் வந்திருந்தார்கள். முதலில் போன கூட்டத்தின் அறிக்கை வாசிக்கப்பட்டது. அதில் 'தீ' என்று எழுதுவதா 'தீப்பரவல்' என்று எழுதுவதா என்று ஒரு பிரச்சினை மிச்சம் இருந்தது. அதற்கு இருபது நிமிடம். பிறகு பாடசாலைச் சித்திரப் போட்டி. பிறகு விழிப்புணர்வு ஊர்வலத்துக்குத் தொப்பி என்ன நிறம் என்ற விடயம். சிவப்புத் தொப்பி தீயை ஊக்குவிப்பதுபோல ஆகிவிடும் என்று ஒருவர் ஆட்சேபித்தார், அது குறித்துக்கொள்ளப்பட்டது. காற்றைப் பற்றி முனவ்வறா ஏதோ சொல்ல வாயெடுத்தாள். காற்று வளிமண்டலத்தோடு சம்பந்தப்பட்டது, அதற்கு வேறு திணைக்களம் இருக்கிறது என்று மரியாதையாக விளக்கினார்கள்.

ரெண்டே முக்காலுக்கு அவளுடைய கைத்தொலைபேசி அடித்தது. கிருஷாந்தன். அவன் போட்ட சத்தம் கூட்டத்துக்கே கேட்டது.

"ராத்தா! வாய்க்கால் தாண்டிட்டு! காய்ஞ்ச பனையோலை ஒண்டு நெருப்போட பறந்து வந்து இஞ்சால விழுந்திட்டு. இனி இலுக்குத்தான். ஓடுது ராத்தா, மனிசன் ஓடுறமாதிரி ஓடுது! பவுசர் வெளிக்கிட்டுட்டா?"

முனவ்வறா எழுந்து நின்றாள். "கேட்டீங்கதானே சேர்? அல்லாக்காக அந்தப் பவுசர அனுப்புங்க. நாடாவ நான் அவுக்காம வைச்சித் தாறன். கீழால குழாய எடுப்பம். ஒங்கட கால்ல விழுறன்."

பதினாலு பேரும் நிகழ்ச்சி நிரலைப் புரட்டினார்கள். பிறகு ஜவுபர் தொண்டையைச் செருமினார். நிலைமையின் பாரதூரத்தை உணர்ந்து தான் ஒரு தீர்மானத்தை முன்மொழிவதாகச் சொன்னார். இலுக்குமேட்டின் மேற்கெல்லையில், 'இது குடியிருப்புப் பிரதேசம், இதற்கு அப்பால் தீ பரவுதல் தடைசெய்யப்பட்டுள்ளது' என்று மூன்று மொழியிலும் ஒரு பலகை நாட்டுவது. அத்துடன் இந்தத் தீயை இச்சபை வன்மையாகக் கண்டிக்கிறது. தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது. பலகை அச்சாகி வர மூன்று கிழமை. வரவுப் புத்தகத்தில் கையெழுத்து வைத்துவிட்டுப் போகும்படி முனவ்வறாவிடம் சொன்னார்கள். அவள் வைக்கவில்லை. படிகளில் இறங்கி ஓடினாள்.

ஆட்டோ இலுக்குமேட்டுக்குத் திரும்பும் கிரவல் பாதையில் ஏறியபோதே வானம் மஞ்சளாக இருந்தது. சாம்பல் பறந்து வந்து அவளுடைய முக்காட்டில் விழுந்தது. ஆட்டோக்காரன் அதற்குமேல் போக மறுத்தான். மிச்சத்தை அவள் ஓடியே கடந்தாள்.

ஊர் முழுக்கப் பாதையில் நின்றது. பாய், பானை, தையல் மெசின், கோழிக்கூடு. தீப்பொறிகள் தீக்கு முன்னால் வந்துவிட்டிருந்தன. கிழக்குப் பக்கத்திலேயே ஏழெட்டுக் கூரைகள் எரிந்துகொண்டிருந்தன. ஆண்கள் ஈரச் சாக்காலும் பச்சைக் கொப்பாலும் அடித்தார்கள். கிணறுகளில் வாளி தரையில் தட்டியது. மேற்கே, தோட்டத்துக்கு அப்பால், அரை மைல் நீளத்துக்கு ஒரு செந்நிறச் சுவர். அதன் சத்தம்தான் பயங்கரம். பெருமழை வருவதுபோல இரைந்தது.

கிருஷாந்தன் உழவு இயந்திரத்தில் கலப்பையை மாட்டிக்கொண்டு நின்றான். பக்கத்தில் விவசாயச் சங்கத் தலைவர் அப்துல் ஹமீட், வேர்த்து விறுவிறுத்து. புல்லை உழுது புரட்டி வெறும் மண்ணாக ஒரு பட்டை போட்டால் தீ அங்கே நின்றுவிடும் என்பது இருவருக்கும் தெரியும். எங்கே போடுவது என்பதும் தெரியும். ஆனால் முனவ்வறாவைக் கண்டதும் இருவரும் அவளுடைய தோட்டத்தைப் பார்த்தார்கள்.

"தோட்டத்துக்கு மேக்கால உழ நேரம் இரிக்கா?" என்று அவள் கேட்டாள்.

"இல்ல ராத்தா. இலுக்குக்குள்ள இறக்கினா என்னையும் சேத்து எரிச்சிரும்."

"அப்ப இஞ்சால உழு. தோட்டத்துக்கும் ஊருக்கும் இடையில."

"தோட்டம் போயிரும், ராத்தா."

"உழுதாலும் போகும், உழாட்டியும் போகும்." அவள் தோட்டத்தைக் கையால் காட்டினாள். "முழங்கால் அளவுக்குச் சருகு கிடக்கு. எண்ணெய்ச் சருகு. பெரிய தீ வந்து அதில பிடிச்சா ஒன்ட உழவுப் பட்டையெல்லாம் தாண்டிப் பாயும். அது வாறத்துக்கு முந்தி நாமளே எரிக்கணும். நீ உழு. ஹமீட் காக்கா, ஆக்கள வரிசையா நிப்பாட்டுங்க. இஞ்சால பொறி விழுந்தா அடிக்கட்டும்."

குடிசைக்குள் ஓடிக் குர்ஆனையும், காணிப் பத்திரம் இருந்த தகரப் பெட்டியையும், அடுப்படியிலிருந்த தீப்பெட்டியையும் எடுத்துக்கொண்டு வந்தாள். உழவு இயந்திரம் மூன்று முறை போய் வந்தது. மண் புரண்டு ஒரு செம்மண் கோடு விழுந்தது. அதன் மேற்கு விளிம்பில், முதல் வரிசை மரத்துக்குக் கீழே, முனவ்வறா குந்தி இருந்தாள். முதல் குச்சி அணைந்தது. இரண்டாவதைப் பிஸ்மில்லாஹ் சொல்லிக் கிழித்தாள்.

சருகு உடனே பிடித்தது. அவள் எழுந்து அடுத்த மரத்துக்குப் போனாள். அடுத்ததுக்கு. ஒவ்வொரு மரத்தையும் அவளுக்குத் தெரியும். எது தையிலேயே பூக்கும், எதன் பழம் புளிக்கும், எதன் கொப்பில் பேரப்பிள்ளை ஊஞ்சல் கட்டியது என்றெல்லாம். இருபத்தேழாவது மரத்தில் கை எரிந்தது. கிருஷாந்தன் தீப்பெட்டியை அவள் கையிலிருந்து வாங்கப் பார்த்தான். அவள் கொடுக்கவில்லை.

"விடு. நான் நட்டது. நானே வைக்கன்."

அவள் வைத்த தீ காற்றுக்கு எதிராக மெதுமெதுவாக மேற்கே நகர்ந்தது. பொழுது சாய, மஃரிபுக்குச் சற்று முன் பெரிய தீ தோட்டத்து வேலியில் ஏறியது. இரண்டும் தோட்டத்தின் நடுவில் சந்தித்தபோது ஒரு தென்னை உயரத்துக்கு எழும்பின. மண் கோட்டுக்கு இந்தப் பக்கம் நின்றவர்கள் முகத்தை மூடிக்கொண்டார்கள். பிறகு தீக்குத் தின்ன ஒன்றும் இருக்கவில்லை. அப்படியே படுத்துவிட்டது.

பத்தொன்பது வீடுகளின் கூரைகள் போயிருந்தன. ஆனால் ஓர் உயிர் போகவில்லை. பத்தொன்பதுக்கு மேல் ஒன்று, அதாவது முனவ்வறாவின் குடிசை, நாலு சுவராக நின்றது.

வியாழக்கிழமை பத்து மணிக்கு மூன்று வாகனங்கள் வந்தன. யாரோ எடுத்த படங்கள் முகநூலில் பரவி, மேலிடத்திலிருந்து ஜவுபருக்கு அழைப்பு வந்திருந்தது. அவர் சாம்பலுக்குள் சப்பாத்தோடு நடந்து பார்த்தார். உண்மையாகவே கண் கலங்கினார்.

"பெரிய அநியாயம். நிவாரணம் கொடுக்கத்தான் வேணும்," என்றார். "ஆனா எந்தத் தீக்கு?"

அப்துல் ஹமீட் மேற்கே கையைக் காட்டினார்.

"அது பதியப்படாத தீ. பதியாத தீயால ஒரு கூர எரிஞ்சதா நான் எப்பிடி எழுதுற?" ஜவுபர் ஷிப்லியைப் பார்த்தார். "கண்ணால கண்ட சாட்சி, நேரம், இடம் மூண்டும் உள்ள தீ ஏதும் இரிக்கா எண்டு பாரும்."

ஷிப்லி படிவத்தோடு ஆட்களிடம் போனார். மண் கோட்டையும் அதற்கு அப்பால் எரிந்து கிடந்த தோட்டத்தையும் பார்த்துவிட்டு முனவ்வறாவிடம் கேட்டார். "உம்மா, இதில நெருப்பு வைச்சது ஆரு?"

பொய் சொல்ல அவளுக்குக் காரணம் ஒன்றும் தெரியவில்லை. "நான்தான் தம்பி. அஞ்சு மணி இரிக்கும்."

ஜவுபரின் முகம் மெல்லத் தெளிந்தது. நெடுநாள் தேடிய கடதாசிக் கோவை கிடைத்ததுபோல இருந்தது. அன்று பின்னேரமே பணியகத்தின் பதிவேட்டில், இரண்டு வருடம் வெறுமையாகக் கிடந்த முதல் பக்கத்தில், தீ இலக்கம் ஒன்று பென்சிலால் எழுதப்பட்டது, அவளுடைய கையெழுத்து வரும்வரை.

மூன்று நாள் கழித்து அப்துல் ஹமீட், சாய்ந்தமருதில் முனவ்வறா போய்த் தங்கியிருந்த றிப்னாவின் வீட்டுக்கு வந்தார். கூடவே நாலைந்து பேர். யாரும் கதிரையில் சரியாக இருக்கவில்லை.

"தங்கச்சி, எப்பிடிச் சொல்லுறண்டு தெரியல்ல," என்று தொடங்கினார் ஹமீட். "நீங்க நெருப்பு வைச்சண்டு ஒரு கையெழுத்து வைச்சா, அது தீயாப் பதிஞ்சிரும். பத்தொம்பது குடும்பத்துக்கும் கூரத் தகரம் வரும். வைக்காட்டி, இலுக்குமேட்டில தீயே பத்தல்ல எண்டு எழுதிருவாங்களாம்."

"ஊர எரிச்சது நான் எண்டா எழுதச் சொல்லுறீங்க?" என்றாள் முனவ்வறா.

ஹமீட் நிலத்தைப் பார்த்தார். "மாரி வரப்போகுது தங்கச்சி. சுலக்சனா புள்ளைய வைச்சிக்கொண்டு கூர இல்லாமப் படங்குச் சீலைக்குக் கீழதான் கிடக்கா."

றிப்னா அழுதாள். கையெழுத்து வைக்க வேண்டாம், வழக்குப் போடுவார்கள், ஊரில் தலைகாட்ட முடியாது என்றாள். முனவ்வறா மகளின் கண்ணைத் துடைத்துவிட்டாள். காலையில் எழுந்து பஸ் ஏறினாள்.

ஜவுபர் அவளை எழுந்து நின்று வரவேற்றார். படிவத்தில் ஒரே ஓர் இடம்தான் நிரப்பாமல் இருந்தது. தீ மூட்டியதற்கான காரணம்.

"கவனயீனம், வேணுமெண்டு. ரெண்டில ஒண்டு," என்றார் ஷிப்லி மெல்லிய குரலில்.

"ஊரக் காப்பாத்த எண்டு போட ஏலாதா?"

"அதுக்குப் பெட்டி இல்ல உம்மா."

"அப்ப கவனயீனம் எண்டு போடுங்க. அதுக்குத் தண்டன குறைவாத்தானே இரிக்கும்?"

ஜவுபர் முன்னால் சாய்ந்தார். குரலில் உண்மையான அக்கறை. "உம்மா, நீங்க கவனயீனம் எண்டு சொன்னா, எங்கட விழிப்புணர்வு நிகழ்ச்சி ஒங்களுக்கு வந்து சேரல்ல எண்டு அர்த்தமாகும். அது கந்தோருக்குக் கூடாது. வேணுமெண்டு செஞ்சா அது குற்றம். குற்றத்துக்குப் பொலிஸ் பொறுப்பு. எங்கட பூச்சியத்துக்கும் ஒண்டும் நடக்காது. குற்றத் தீய நாங்க தீக் கணக்கில சேக்கிறதில்ல." பிறகு அவளைத் தேற்றுவதுபோலச் சொன்னார். "யோசிக்காதீங்க. ஒங்களால பத்தொம்பது குடும்பம் வாழும்."

ஷிப்லி பேனையைப் பிடித்துக்கொண்டு நெடுநேரம் இருந்தார். ஜவுபர் ஒருமுறை செருமிய பிறகுதான் 'வேண்டுமென்று' என்ற பெட்டியில் சரி போட்டார். முனவ்வறா கையெழுத்து வைத்தாள். எரிந்த கை கட்டுப் போட்டிருந்ததால் எழுத்துக் கோணலாக வந்தது. அவளுக்கு மார்கழியில் ஒரு நீதிமன்றத் திகதி கொடுத்தார்கள்.

புரட்டாதியில் தகரம் வந்தது. இலுக்குமேட்டில் மேடை போட்டு, குடும்பத்துக்குப் பன்னிரண்டு தகரம் கொடுத்தார்கள். தீ மூட்டியவர் நிவாரணம் பெறும் உரித்தற்றவர் என்று விதியில் இருந்ததால், முனவ்வறாவின் பெயர் பட்டியலில் இல்லை. அவள் மகள் வீட்டில் ஒரு மாதத்துக்குமேல் இருக்கப் பொறுக்காமல் திரும்பி வந்து, தன் நாலு சுவருக்குமேல் படங்கு கட்டிக்கொண்டிருந்தாள். அங்கிருந்தே ஒலிபெருக்கி கேட்டது.

"குற்றவாளி இனங்காணப்பட்டுச் சட்டத்தின் பிடியில் இருக்கிறார்," என்றார் ஜவுபர். "ஒரு தீயை அணைப்பதைவிட, அதை மூட்டியவரைக் கண்டுபிடிப்பதே எமது பணியகத்தின் உயர்ந்த சேவை என்பதை இன்று நிரூபித்திருக்கிறோம்."

சுலக்சனாவைப் பிள்ளையோடு மேடைக்கு அழைத்து நன்றி சொல்லச் சொன்னார்கள். அவள் பிள்ளையைத் தோளில் மாற்றிப் போட்டு ஒலிவாங்கியைப் பிடித்தாள். பிறகு, "முனவ்வறா ராத்தா இல்லாட்டி நானும் என்ட புள்ளையும் இண்டைக்கு இல்ல," என்று மட்டும் சொல்லிவிட்டு இறங்கிப் போனாள். பெயரைக் கவனிக்காமல், தங்களுக்குத்தான் நன்றி சொல்கிறாள் என்று விளங்கிக்கொண்ட மேடை பலமாகக் கைதட்டியது. சனம் தட்டவில்லை.

அன்று பின்னேரம், அஸருக்குப் பிறகு கிருஷாந்தன் ஒரு தகரத்தைத் தலையில் வைத்துக்கொண்டு வந்தான். அவளுடைய சுவரில் சாய்த்து வைத்துவிட்டுப் போனான். பிறகு ஹமீட் வந்தார். பிறகு ஒவ்வொருவராக. சிலர் ஸலாம் சொன்னார்கள். சிலருக்கு அவளுடைய முகத்தைப் பார்க்க முடியவில்லை. முனவ்வறா வேண்டாம் என்றும் சொல்லவில்லை, தாருங்கள் என்றும் சொல்லவில்லை. கட்டுப் போட்ட கையை மடியில் வைத்துக்கொண்டு ஒரு குற்றியில் இருந்தாள். இருட்டுகிற நேரம் சுவரில் பத்தொன்பது தகரம் இருந்தது.

இந்தச் செய்தி எப்படியோ பணியகத்துக்குப் போய்விட்டது. உரித்தற்ற ஒருவரிடம் அரச நிவாரணப் பொருள் இருப்பது பாரதூரமான விடயம். இரண்டு நாள் கழித்து விசாரித்து அறிக்கை தரும்படி ஷிப்லியை அனுப்பினார்கள்.

அவர் வரும்போது நல்ல வெயில். மழைக்கு முன் எல்லாரும் கூரை போட்டுக்கொண்டிருந்ததால் ஆள் கிடைக்காமல், தகரங்கள் இன்னும் சுவரிலேயே சாய்ந்திருந்தன. ஷிப்லி கோவையைத் திறந்து, ஒவ்வொன்றாக விரலால் எண்ணினார். கறுத்துப்போன மரக் குற்றிகளைப் பார்த்தார். முனவ்வறா உள்ளே போய்ப் பிளேன்ரீ ஊற்றிக்கொண்டு வந்தாள்.

"சீனி கொஞ்சந்தான் இரிக்கி தம்பி."

அவர் வாங்கிக் குடித்தார். கோப்பையைக் கீழே வைக்காமல், "இந்தத் தகரம் எங்கால வந்த உம்மா?" என்று கேட்டார்.

பொய் சொல்ல அவளுக்குத் தெரியாது என்பது அவருக்குத் தெரியும். அவள் வாயைத் திறந்தாள்.

"வேணாம், சொல்லாதீங்க," என்றார் ஷிப்லி அவசரமாக.

பிறகு கோவையை முழங்காலில் வைத்து, தன் அழகான கையெழுத்தில் எழுதத் தொடங்கினார். 'பத்தொன்பது தகரம். யாவும் மிகப் பழையவை. விண்ணப்பதாரியின் காலஞ்சென்ற கணவர் வாங்கியவை.' எழுதும்போது புதுத் தகரத்தின் வெளிச்சம் தாளில் விழுந்து கண்ணைக் கூசவைத்தது. ஷிப்லி இடது கையால் நெற்றிக்கு நிழல் பிடித்துக்கொண்டு, கீழே கையெழுத்து வைத்தார்.